பணியறவு ஆணையும் மூன்று வரி மேல்முறையீடும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

தங்கள் நாளிதழின் வாசகர் கேள்வி–பதில் பகுதியில் சென்ற வாரம் ஒரு பெண்மணி கேட்டிருந்த கேள்வியைப் படித்தேன். பதினாறு ஆண்டுகள் மாநில அரசுப் பணியில் இருந்த தம் கணவரை நீக்கிவிட்டார்கள், இனி என்ன செய்வது என்று கேட்டிருந்தார். "உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்யலாம்" என்று ஒரே வரியில் விடை வந்திருந்தது. அரசின் ஆணையை ரத்து செய்யக் கோரி நேராக உயர் நீதிமன்றத்தில் போடும் மனுதான் ரிட் மனு. விடை தவறு என்று சொல்ல மாட்டேன். ஆனால் அரசு அலுவலகம் ஒன்றின் பணியமைப்புப் பிரிவில் உதவியாளராகவும் பிறகு கண்காணிப்பாளராகவும் இருபத்தாறு ஆண்டுகள் ஒழுங்கு நடவடிக்கைக் கோப்புகளைப் பார்த்து ஓய்வு பெற்றவன் என்ற முறையில், அந்த ஒரு வரியை மட்டும் நம்பி வழக்கறிஞரைத் தேடிப் போகிறவர் தமக்கு மிக அருகில் இருக்கும் பரிகாரத்தைக் கைநழுவ விட்டுவிடுவார் என்ற கவலையில் இதை எழுதுகிறேன். துறைக்குள்ளேயே செய்ய வேண்டிய மேல்முறையீட்டைத்தான் சொல்கிறேன். அதை ஊழியர்கள் வெறும் சடங்கு என்று நினைக்கிறார்கள். அதைப் பைசல் செய்யும் அதிகாரிகளும் பெரும்பாலும் அப்படித்தான் நடத்துகிறார்கள்.

முதலில் சொற்களைப் பற்றிச் சிறிது சொல்ல வேண்டும். நாளிதழ்களில் 'பணிநீக்கம்' என்ற ஒரே சொல் மூன்று வெவ்வேறு நிலைகளுக்கு வருகிறது. சஸ்பெண்ட் செய்வது பணியிடை நீக்கம். அது தண்டனையே அல்ல. விசாரணை முடியும்வரை ஊழியரை ஒதுக்கி வைத்து, தொடக்கத்தில் ஏறத்தாழப் பாதிச் சம்பள அளவுக்குப் பிழைப்பூதியம் கொடுத்து வருவார்கள். பணிநீக்கம் என்பது தண்டனை. வேலை போய்விடும், ஆனால் பின்னாளில் வேறு அரசு வேலைக்கு விண்ணப்பிக்க அதுவே தடையாகாது. பணியறவு என்பது டிஸ்மிஸ். அதில் அந்த வழியும் சாதாரணமாக அடைபடும். பின் இரண்டிலும் ஓய்வூதியமும் பணிக்கொடையும் பறிபோகும். பழைய ஓய்வூதியத் திட்டத்தில் உள்ளவராக இருந்தால், தகுதியான நேர்வில் அவற்றில் மூன்றில் இரண்டு பங்குக்கு மிகாமல் கருணைப் படி வழங்கத் தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள், 1978 இடம் தருகின்றன. அதைக் கேட்டு மனுக் கொடுத்தவர்களை என் பணிக்காலத்தில் ஒரு கை விரலுக்குள் எண்ணிவிடலாம். வருங்கால வைப்பு நிதியில் ஊழியர் கட்டிய சொந்தப் பணம் எந்தத் தண்டனையாலும் போகாது. ஆகவே கைக்கு வந்திருக்கும் ஆணை இவற்றில் எது என்று அதன் கடைசிப் பத்தியைப் படித்துத் தெரிந்துகொள்வது முதல் வேலை.

அரசு ஊழியர் ஆளுநரின் விருப்பம் உள்ளவரை பதவியில் இருப்பார் என்று அரசமைப்புச் சட்டத்தின் 310-ஆவது உறுப்பு கூறுகிறது. மத்திய அரசு ஊழியருக்கு அது குடியரசுத் தலைவரின் விருப்பம். அந்த விருப்பத்துக்கு வேலி கட்டுவது அடுத்து வரும் 311-ஆவது உறுப்பு. பணி நியமனம் செய்த அலுவலருக்குக் கீழ்ப்பட்டவர் எவரும் ஊழியரை நீக்க முடியாது. குற்றச்சாட்டுகளைத் தெரிவித்து, அவற்றை மறுத்து வாதிட நியாயமான வாய்ப்புக் கொடுத்து விசாரிக்காமலும் நீக்க முடியாது. தமிழ்நாட்டில் இந்த இரண்டாவது காப்பை நடைமுறைக்குக் கொண்டுவருவது தமிழ்நாடு குடிமைப் பணிகள் (ஒழுங்கு மற்றும் மேல்முறையீடு) விதிகளின் 17(ஆ) பிரிவு. அலுவலகப் பேச்சில் அது எப்போதும் 'பதினேழு பி' தான். 'பதினேழு ஏ' வந்தால் கண்டனம், ஊதிய உயர்வு நிறுத்தம் போன்றவற்றோடு முடியும். 'பதினேழு பி' என்று தலைப்பிட்ட குற்றச்சாட்டுக் குறிப்பாணை (சார்ஜ் மெமோ) வந்தாலே வேலைக்கு ஆபத்து இருக்கிறது என்று பொருள். அதோடு நான்கு இணைப்புகள் இருக்க வேண்டும். குற்றச்சாட்டுகள், அவற்றுக்கு ஆதாரமான நிகழ்வுகளின் விவரம், ஆவணங்களின் பட்டியல், சாட்சிகளின் பட்டியல். மூன்றாவது இணைப்பில் குறிப்பிட்ட ஆவணத்தின் நகல் தரப்படவில்லை என்றால் அன்றைக்கே எழுத்து மூலம் கேட்டு, கேட்டதற்கு ஒப்புகை வாங்கி வைத்துக்கொள்ள வேண்டும். பின்னாளில் வழக்கு ஜெயிப்பதும் தோற்பதும் பெரும்பாலும் இந்த ஒப்புகைச் சீட்டில் இருக்கிறது.

குறிப்பாணையை வாங்க மறுப்பதால் ஒரு பயனும் இல்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். அஞ்சலில் அனுப்பியது திரும்பி வந்தால், ஆள் அனுப்பி வீட்டுக் கதவில் ஒட்டி, இரண்டு சாட்சிகளிடம் கையெழுத்து வாங்கி, சார்வு செய்யப்பட்டதாக, அதாவது உரியவரிடம் முறைப்படி சேர்ப்பிக்கப்பட்டதாக, கோப்பில் பதிந்துவிடுவார்கள். அதன் பிறகு நடக்கும் விசாரணை ஊழியர் இல்லாமலே நடந்து முடியும்.

இனி நான் சொல்ல வந்த செய்திக்கு வருகிறேன். தொடக்கத்தில் 311-ஆவது உறுப்பு ஊழியருக்கு இரண்டு வாய்ப்புகளைக் கொடுத்தது. முதல் வாய்ப்பு விசாரணையில். குற்றம் மெய்ப்பிக்கப்பட்டது என்று தீர்மானித்த பிறகு, இன்ன தண்டனை கொடுக்கப் போகிறோம், அதைப் பற்றி என்ன சொல்கிறீர்கள் என்று கேட்பது இரண்டாவது வாய்ப்பு. 1976-ஆம் ஆண்டின் 42-ஆவது திருத்தம் இந்த இரண்டாவது வாய்ப்பை நீக்கியது. அதன் பிறகு விசாரணை அறிக்கையைக்கூட ஊழியரிடம் காட்டாமல் ஆணை போடுவது வழக்கமாயிற்று. அந்த அறிக்கையின் நகலைக் கொடுத்து, அதன் மீது அவர் சொல்வதைக் கேட்டுவிட்டுத்தான் முடிவெடுக்க வேண்டும் என்று 1990-இல் முகமது ரம்ஜான் கான் வழக்கிலும், 1993-இல் ஐந்து நீதிபதிகள் அமர்வு கருணாகர் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் கூறிய பிறகே நிலைமை மாறியது. இவை இரண்டும் பலருக்குத் தெரியும். அவற்றுக்கு முன்பே, 1986-இல், ராம் சந்தர் என்ற ரயில்வே ஊழியரின் வழக்கில் வந்த தீர்ப்பைத்தான் எங்கள் அலுவலகங்களில் யாரும் படிப்பதில்லை. தண்டனைக்கு முந்தைய இரண்டாவது வாய்ப்பு போய்விட்ட நிலையில், அந்தக் குறையை ஈடுசெய்யும் இடம் மேல்முறையீடுதான். ஆகவே மேல்முறையீட்டு அலுவலர் ஊழியரை நேரில் கேட்டு, தாமே சிந்தித்து, காரணங்களைக் கூறி ஆணை பிறப்பிக்க வேண்டும் என்பது அத்தீர்ப்பின் சாரம்.

நம் மாநில விதிகளும் இதையே வேறு சொற்களில் சொல்கின்றன. மேல்முறையீட்டைப் பரிசீலிப்பவர் மூன்று கேள்விகளைக் கேட்டுக்கொள்ள வேண்டும். ஆணைக்கு அடிப்படையான நிகழ்வுகள் மெய்ப்பிக்கப்பட்டுள்ளனவா? மெய்ப்பிக்கப்பட்ட நிகழ்வுகள் நடவடிக்கைக்குப் போதுமானவையா? தண்டனை அதிகமா, சரியா, குறைவா? மூன்றாவது கேள்விக்கு அடிக்கோடு இடுங்கள். ஏனென்றால் தண்டனை அதிகம் என்ற ஒரே காரணத்துக்காக அதைக் குறைக்கும் முழு அதிகாரம் மேல்முறையீட்டு அலுவலருக்கு உண்டு. உயர் நீதிமன்றத்துக்கு அவ்வளவு இல்லை. தண்டனை நீதிமன்றத்தின் மனச்சான்றை உலுக்கும் அளவுக்கு மிகையாக இருந்தால் மட்டுமே தலையிடலாம் என்று 1995-இல் பி.சி. சதுர்வேதி வழக்கில் உச்ச நீதிமன்றம் எல்லை வகுத்திருக்கிறது. நீதிபதி கோப்பைத் திறந்து சாட்சியங்களை மறுபடி எடைபோட மாட்டார். விசாரணை முறைப்படி நடந்ததா, முடிவுக்கு ஏதேனும் ஆதாரம் இருக்கிறதா என்றுதான் பார்ப்பார். உண்மை நிலவரத்தைப் பேசி, இரக்கத்தையும் கேட்டு, தண்டனையைக் குறைக்கச் சொல்லக்கூடிய கடைசி முழுமையான இடம் துறைக்குள்ளேயே இருக்கிறது என்று நான் சொல்வது இதனால்தான்.

அந்த இடத்தில் நடப்பது என்ன என்பதை என் கைப்படச் செய்த ஒரு செயலைக் கொண்டே சொல்கிறேன். இரவுக் காவலர் ஒருவர் நாற்பத்து மூன்று நாட்கள் விடுப்புச் சொல்லாமல் பணிக்கு வரவில்லை என்று 2004-இல் அவருக்கு 'பதினேழு பி' சார்வு செய்யப்பட்டது. எழுதப் படிக்க அதிகம் தெரியாதவர். விளக்கம் தரவில்லை. விசாரணையில் இரண்டு வாய்தாக்களுக்கு வந்து, கேட்ட கேள்விக்கெல்லாம் "ஆமாங்க ஐயா" என்று சொல்லிவிட்டுப் போனார். பணியறவு ஆணை போனது. ஒரு மாதம் கழித்து, அலுவலக வாசலில் மனு எழுதுகிறவரிடம் எழுதி வாங்கிய மேல்முறையீட்டோடு வந்தார். ஃபுல்ஸ்கேப் தாளில் இரண்டு பக்கம். 'சமூகம் ஐயா அவர்கள் கருணை கூர்ந்து' என்று தொடங்கி, மூன்று பெண் பிள்ளைகள், வயதான தாயார், வாடகை பாக்கி என்று முழுக்க முழுக்கக் கண்ணீர். அந்த நாற்பத்து மூன்று நாட்களில் இருபத்தொன்பது நாட்கள் அவர் அரசு மருத்துவமனையில் உள்நோயாளியாக இருந்தார் என்பது அந்த இரண்டு பக்கங்களில் ஓர் இடத்திலும் இல்லை. மருத்துவமனைச் சீட்டை அவர் திரும்பி வந்த அன்றே கொடுத்திருக்கிறார். தபால் பிரிவில் முத்திரை வாங்காமல், அப்போதைய பிரிவு எழுத்தரின் மேசையில் வைத்துவிட்டுப் போயிருக்கிறார். அது விடுப்புக் கோப்பில் இருந்தது, ஒழுங்கு நடவடிக்கைக் கோப்பில் இல்லை. மேல்முறையீட்டுக்கு வரைவு ஆணை வைத்தவன் நான். "மேல்முறையீட்டு மனுவில் புதிய காரணங்கள் எவையும் கூறப்படாததால், மனு ஏற்கத்தக்கதல்ல எனக் கருதி நிராகரிக்கப்படுகிறது" என்று மூன்று வரி. மேலலுவலர் படித்துப் பார்த்தாரா என்று எனக்குத் தெரியாது. பச்சை மையில் கையெழுத்து வந்தது.

அவர், மாநில அரசு ஊழியர்களின் பணி வழக்குகளை அப்போது விசாரித்து வந்த மாநில நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போனார். 1988-இல் அமைந்த அந்தத் தீர்ப்பாயம் 2006-இல் கலைக்கப்பட்டபோது, நிலுவையில் இருந்த ஆயிரக்கணக்கான மனுக்களோடு அவருடையதும் சென்னை உயர் நீதிமன்றத்துக்கு மாற்றப்பட்டு வேறு எண் பெற்றது. 2013-இல் தீர்ப்பு வந்தது. விசாரணை அறிக்கையின் நகல் கொடுக்கப்படவில்லை, மேல்முறையீட்டு ஆணையில் காரணம் இல்லை, ஆகவே இரண்டும் ரத்து. அறிக்கையைக் கொடுக்கும் நிலையிலிருந்து மீண்டும் நடவடிக்கை எடுக்கலாம் என்று அந்தத் தீர்ப்பு கூறியது. கவனியுங்கள், வேலை திரும்பக் கிடைக்கவில்லை. நடைமுறைக் குறையால் ஆணை ரத்தாகும்போது பெரும்பாலும் வழக்கு அந்தக் குறை நேர்ந்த படிக்கே திரும்பிப் போகும். அந்தச் சமயத்தில் புதிதாக வந்த அலுவலர் விடுப்புக் கோப்பையும் வரவழைத்துப் பார்த்தார். மருத்துவமனைச் சீட்டு கிடைத்தது. ஊதிய உயர்வு ஓராண்டு நிறுத்தம் என்று தண்டனை மாறியது. காவலர் மீண்டும் பணியில் சேர்ந்தபோது ஓய்வுக்குப் பதினொரு மாதங்கள் இருந்தன. விடுப்பில்லாமல் இருந்தது மட்டும் போதாது, அது வேண்டுமென்றே செய்ததாகவும் மெய்ப்பிக்கப்பட வேண்டும் என்று 2012-இல் கிருஷ்ணகாந்த் பர்மார் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியதை அந்த ஆணையில் மேற்கோள் காட்டியிருந்தார்கள். அதே கேள்வியை 2004-இல் அந்த மூன்று வரிக்குப் பதிலாக நான் எழுதியிருக்கலாம். அதற்கு உச்ச நீதிமன்றம் தேவைப்பட்டிருக்காது.

ஆகவே நீக்கப்பட்டவர்களுக்கு நான் சொல்வது, மேல்முறையீட்டை மனு எழுதுகிறவரிடம் விட்டுவிடாதீர்கள் என்பதே. மாநில அரசு ஊழியர்களுக்கு ஆணை கைக்குக் கிடைத்த நாளிலிருந்து இரண்டு மாதங்களும், மத்திய அரசின் குடிமைப் பணி ஊழியர்களுக்கு 45 நாட்களும் கால வரம்பு. அதைத் தாண்டினால் தாமதத்துக்குத் தக்க காரணம் காட்டி மன்னிக்கக் கேட்கலாம். ஆனால் அதை உரிமையாக நினைக்கக் கூடாது. மனுவில் முதலில் சட்டக் குறைகள் வர வேண்டும். ஆணையில் கையெழுத்திட்டவர் நியமன அலுவலரா, அல்லது அவர் விடுப்பில் இருந்தபோது பொறுப்பு வகித்த கீழ்நிலை அலுவலரா? கேட்ட ஆவணங்கள் கிடைத்தனவா? சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்ய விட்டார்களா? விசாரணை அறிக்கை வந்ததா? எவரும் நேரில் வந்து மெய்ப்பிக்காத காகிதத்தை ஆதாரமாகக் கொண்டிருக்கிறார்களா? காவல் துறையின் புலனாய்வுப் பதிவுகளை விசாரணைக் கோப்பில் சேர்த்துவிட்டாலே அவை சாட்சியம் ஆகிவிடாது என்று பஞ்சாப் நேஷனல் வங்கி ஊழியர் ஒருவரின் வழக்கில் 2008-இல் உச்ச நீதிமன்றம் கூறியிருப்பது, கையூட்டு, கையாடல் கோப்புகள் பலவற்றுக்கும் பொருந்தும். இவற்றுக்குப் பிறகு தண்டனை ஏன் மிகை என்பதைப் பணிக்கால நீளம், முந்தைய தண்டனை இல்லாமை, அதே நிகழ்வில் மற்றவருக்குக் கிடைத்த தண்டனை ஆகியவற்றோடு எழுத வேண்டும். குடும்ப நிலவரம் கடைசியில் ஒரு பத்தி போதும். நேரில் கேட்க வேண்டும் என்ற கோரிக்கையைத் தனி வரியாக எழுதி, நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ள வேண்டும். தம் கோப்பின் நகல்கள் இல்லாதவர் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கட்டணத்தில் விண்ணப்பிக்கலாம். முப்பது நாட்கள் ஆகும் என்பதால் ஆணை வந்த வாரத்திலேயே விண்ணப்பித்துவிடுவது நல்லது.

விசாரணையே இல்லாமல் நீக்கப்பட்டவர்களுக்கும் இந்த மேல்முறையீட்டு வழி உண்டு. குற்றவியல் நீதிமன்றத்தில் தண்டனை பெற்றவர், விசாரணை நடத்துவது நடைமுறையில் இயலாது என்று காரணம் எழுதி நீக்கப்பட்டவர், நாட்டின் பாதுகாப்புக் கருதி நீக்கப்பட்டவர் ஆகிய மூவருக்கும் 311-ஆவது உறுப்பு விசாரணைக் காப்பைத் தருவதில்லை. ஆனால் அவர்களும் மேல்முறையீடு செய்யலாம் என்றும், இயலாது என்று சொல்லப்பட்ட சூழ்நிலை மாறியிருந்தால் மேல்முறையீட்டு நிலையில் விசாரணை கேட்கலாம் என்றும் 1985-இல் துளசிராம் படேல் வழக்கில் அரசமைப்பு அமர்வு விளக்கியது. குற்றவியல் தண்டனைக்கு எதிராக மேல்முறையீடு நிலுவையில் இருக்கிறது என்பதற்காகத் துறை காத்திருக்க வேண்டியதில்லை என்பது நம் மாநிலக் கல்லூரிக் கல்வித் துறை தொடர்பாக 1995-இல் வந்த தீர்ப்பு. பின்னாளில் மேல் நீதிமன்றத்தில் விடுதலையானால் நீக்க ஆணையைத் திருத்தி மீண்டும் பணியில் சேர்க்கலாம் என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. அப்படி விடுதலை ஆனவர் தீர்ப்பு நகலோடு உடனே துறைக்கு மனுக் கொடுக்க வேண்டும். தானாக யாரும் கூப்பிட மாட்டார்கள்.

2003 ஜூலையை மறந்தவர்கள் அரசு ஊழியர்களில் இருக்க முடியாது. வேலைநிறுத்தத்தில் ஈடுபட்ட ஏறத்தாழ 1.7 லட்சம் அரசு ஊழியர்களும் ஆசிரியர்களும் ஒரே மூச்சில் பணியறவு செய்யப்பட்டனர். எங்கள் அலுவலகத்தில் பாதி நாற்காலிகள் காலியாகக் கிடந்தன. தீர்ப்பாயம் என்ற மாற்றுப் பரிகாரம் இருக்கிறது என்று உயர் நீதிமன்றம் அவர்களின் மனுக்களை ஏற்க மறுத்தது. இவ்வளவு பேரின் வழக்கைத் தீர்ப்பாயத்தால் கையாள இயலாது, இத்தகைய அசாதாரண நிலையில் உயர் நீதிமன்றம் தன் அதிகாரத்தைப் பயன்படுத்தியிருக்க வேண்டும் என்று ஆகஸ்டு 6 அன்று ரங்கராஜன் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. வேலைநிறுத்தம் செய்ய அரசு ஊழியருக்கு உரிமை இல்லை என்று கூறியதும் அதே தீர்ப்புதான். மக்கள் நினைவில் நிற்பது அது மட்டும். மன்னிப்பும் உறுதிமொழியும் எழுதிக் கொடுத்தவர்களில் பெரும்பாலோர் திரும்பச் சேர்க்கப்பட்டனர். எஞ்சிய சில ஆயிரம் பேரின் முறையீடுகளைக் கேட்க ஓய்வுபெற்ற உயர் நீதிமன்ற நீதிபதிகள் மூவர் அமர்த்தப்பட்டனர். லட்சம் பேர் சேர்ந்து நின்றால் முறையீட்டைக் கேட்க நீதிபதிகளே கிடைக்கிறார்கள். ஒற்றை இரவுக் காவலருக்கு மூன்று வரிதான் கிடைத்தது.

துறை மேல்முறையீடு தோற்றால், அல்லது பதிலே வராமல் கிடந்தால், நீதிமன்றம். இங்கே யார் எங்கே போவது என்பதில் குழப்பம் இருக்கிறது. மத்திய அரசு ஊழியர்கள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்குப் போக வேண்டும். துறைப் பரிகாரங்களை முடித்துவிட்டு வர வேண்டும், இறுதி ஆணையிலிருந்து ஓராண்டுக்குள் வர வேண்டும், மேல்முறையீட்டுக்கு ஆறு மாதமாகியும் விடை இல்லாவிட்டால் அதன் பிறகு ஓராண்டுக்குள் வரலாம். தீர்ப்பாயத்தின் முடிவை உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு ஆராயலாம் என்பது 1997-இல் சந்திர குமார் வழக்கிலிருந்து இருந்துவரும் நிலை. மாநில அரசு ஊழியர்களுக்கு இப்போது தீர்ப்பாயம் இல்லாததால் அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆவது உறுப்பின்படி சென்னை உயர் நீதிமன்றமும், தென் மாவட்டங்களுக்கு 2004 முதல் இயங்கும் மதுரை அமர்வும்தான். தனி நீதிபதியின் தீர்ப்புக்கு எதிராக அங்கேயே ரிட் மேல்முறையீடு உண்டு. போக்குவரத்துக் கழகம், மின் வாரியம் போன்றவற்றில் இருப்பவர்கள் 311-ஆவது உறுப்பின் காப்புக்குள் வர மாட்டார்கள். அவர்களில் தொழிலாளர் நிலையில் உள்ளோருக்குத் தொழில் தகராறு வழியும் இருக்கிறது. அது சில நேரங்களில் ரிட் மனுவைவிடப் பயன் தரும். ஏனெனில் அந்தத் தகராறை விசாரிக்கும் மன்றம் தண்டனையையே மாற்றலாம்.

துறை மேல்முறையீட்டை முடிக்காமல் 226-க்குப் போகிறவர்களை நீதிமன்றம் பொதுவாகத் திருப்பி அனுப்பும். ஆணையிட்டவருக்கு அதிகாரமே இல்லை, இயற்கை நீதி, அதாவது ஊழியர் தரப்பைக் கேட்டு முடிவெடுக்கும் அடிப்படை நியாயம், அடியோடு மீறப்பட்டது போன்ற நேர்வுகளில் விதிவிலக்கு உண்டு. திருப்பி அனுப்பப்படும்போது இரண்டு மாதம் எப்போதோ கடந்திருக்கும். வழக்கறிஞர் கட்டணமும் போய், கால வரம்பும் போய் நின்றவர்களைப் பார்த்திருக்கிறேன். நேர்மாறாக, மனு மேல் மனுவாகப் போட்டுக்கொண்டே ஆண்டுகளைக் கழிப்பவர்களும் உண்டு. நம் மாநிலத்தின் புவியியல் மற்றும் சுரங்கத் துறையில் 1982-இல் பணி இழந்த ஒருவர், ஏறத்தாழப் பதினெட்டு ஆண்டுகள் கழித்து, தம் மனுவைப் பரிசீலிக்க உத்தரவு கேட்டார். பழைய மனுவுக்குப் புதிதாக விடை வாங்குவதால் செத்துப்போன கோரிக்கை உயிர்பெறாது என்று 2008-இல் ஜேக்கப் வழக்கில் உச்ச நீதிமன்றம் கண்டிப்பாகக் கூறிவிட்டது. ரிட் மனுவுக்கு என்று எழுதப்பட்ட கால வரம்பு இல்லாவிட்டாலும் தாமதம் வழக்கைக் கொன்றுவிடும்.

குற்றவியல் வழக்கில் விடுதலை கிடைத்துவிட்டது, ஆகவே வேலை தானாக வந்துவிடும் என்ற நம்பிக்கை நம் ஊழியர்களிடம் மிக ஆழமாக இருக்கிறது. அது பாதிதான் உண்மை. கோலார் தங்கவயலில் பாதுகாப்பு அலுவலராக இருந்த பால் அந்தோணியின் வீட்டில் 1985-இல் 4.5 கிராம் தங்கமும் 1,276 கிராம் தங்க மண்ணும் கைப்பற்றப்பட்டதாகக் கூறி வழக்கும் துறை விசாரணையும் ஒன்றாக நடந்தன. பிழைப்பூதியம் தராததால் கேரளத்திலிருந்து அவரால் விசாரணைக்கு வர முடியவில்லை. அவர் இல்லாமலே விசாரணை முடிந்து நீக்கப்பட்டார். அதே சாட்சிகள், அதே சோதனை, குற்றவியல் நீதிமன்றமோ அந்தச் சோதனையே மெய்ப்பிக்கப்படவில்லை என்று விடுவித்தது. 1999-இல் உச்ச நீதிமன்றம் அவரைப் பணியில் சேர்க்க உத்தரவிட்டது. ஆனால் நம் மாநிலக் காவல் துறைக் காவலர் ஒருவரின் வழக்கில், சாட்சிகள் பிறழ்ந்ததால் சந்தேகத்தின் பலனில் கிடைத்த விடுதலை மாண்புடன் கூடிய விடுதலை ஆகாது, அது துறைத் தண்டனையை அழிக்காது என்று அதே நீதிமன்றம் 2012-இல் கூறியது. விடுதலைத் தீர்ப்பின் முடிவுரையைவிட அது எந்தக் காரணத்தால் வந்தது என்ற பத்திதான் முக்கியம்.

வென்ற பிறகும் இரண்டு வேலைகள் உண்டு. நீக்கப்பட்ட காலத்துக்கு ஊதியம் வேண்டுமென்றால், அந்தக் காலத்தில் வேறு வருமானம் உள்ள வேலையில் இல்லை என்று தொடக்கத்திலேயே மனுவில் உறுதிமொழியாகச் சொல்லியிருக்க வேண்டும். தவறான நீக்கத்தில் முழு நிலுவை ஊதியமே பொது விதி என்று 2013-இல் தீபாலி என்ற மராட்டிய ஆசிரியையின் வழக்கில் வந்த தீர்ப்பு இந்த உறுதிமொழியைத்தான் அடிப்படையாகக் கொள்கிறது. இரண்டாவது, தீர்ப்பை நிறைவேற்றாமல் இழுத்தடித்தால் நீதிமன்ற அவமதிப்பு மனுவை ஓராண்டுக்குள் போட வேண்டும். பணம் இல்லை என்று தயங்குவோரில் பெண்கள், பட்டியல் சாதி மற்றும் பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமான வரம்பு பாராமல் உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழு வழக்கறிஞரை அமர்த்தித் தரும்.

அரசுக்கு என் வேண்டுகோள் பெரிதல்ல. புதுச் சட்டம் எதுவும் வேண்டாம். பெரும் தண்டனைக்கு எதிரான ஒவ்வொரு மேல்முறையீட்டிலும் ஊழியரை நேரில் கேட்டதற்கான பதிவு கோப்பில் இருக்க வேண்டும் என்றும், விதியில் உள்ள மூன்று கேள்விகளுக்கும் தனித்தனியே விடை எழுதாத ஆணை கையெழுத்துக்கு வைக்கப்படக் கூடாது என்றும், ஆறு மாதத்துக்குள் பைசல் செய்யப்பட வேண்டும் என்றும் ஓர் அரசாணை போதும். பணியறவு ஆணையின் கடைசிப் பத்தியில், மேல்முறையீட்டு அலுவலர் யார், எத்தனை நாட்களுக்குள் என்பதைத் தமிழில் கட்டாயமாக அச்சிட வேண்டும். வரைவு வைக்கும் கண்காணிப்பாளர்கள் விடுப்புக் கோப்பையும் பணிப் பதிவேட்டையும் சேர்த்து வைக்க வேண்டும் என்று ஒரு வரியும் அதில் இருந்தால், எனக்கு நேர்ந்தது இன்னொருவருக்கு நேராது.

தங்களிடம் கேள்வி கேட்ட பெண்மணி, தம் கணவருக்கு ஆணை எந்தத் தேதியில் கிடைத்தது என்பதைக் குறிப்பிடவில்லை. அவருடைய முகவரி தங்கள் அலுவலகத்தில் இருக்கும். இரண்டு மாதம் இன்னும் முடியவில்லை என்றால் முதலில் மேல்முறையீட்டைக் கொடுத்து முத்திரை வாங்கச் சொல்லி அவருக்கு ஓர் அஞ்சலட்டை போட்டுவிடும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற அலுவலகக் கண்காணிப்பாளர்,
திருச்சிராப்பள்ளி.